பேயுருவும் பெருங்குரலும்: கே. பி. சுந்தராம்பாளின் திரைவாழ்வில் ‘காரைக்கால் அம்மையார்’ (1973)

ஆய்வுச் சுருக்கம்

கொடுமுடி கே. பி. சுந்தராம்பாளின் (1908–1980) திரைவாழ்வை அவருடைய கைம்மைத் துறவின் நீட்சியாக விளக்குவது தமிழ்த் திரை வரலாற்றெழுத்தில் நிலைபெற்ற வழக்கம். இவ்விளக்கம் அவர் எதை மறுத்தார் என்பதைச் சொல்கிறது. திரைத்துறை அவருக்கு எதை அளித்தது என்பதைச் சொல்வதில்லை. ‘நந்தனார்’ (1935) தொடங்கி ‘காரைக்கால் அம்மையார்’ (1973) ஈறாக அவர் ஏற்ற பாத்திரங்களை வரிசையில் வைத்து நோக்கும் இக்கட்டுரை, 1953ஆம் ஆண்டின் ‘ஔவையார்’ உருவாக்கிய மூதாட்டி வார்ப்பே பின்னர் அம்மையாரின் பேயுருவுக்கும் பொருத்தப்பட்டது என்றும், அதனால் திரையில் பேய் தாயாயிற்று என்றும், உடலுக்கு மறுக்கப்பட்ட அச்சுறுத்தும் ஆற்றல் குரலில் எஞ்சி நின்றது என்றும் வாதிடுகிறது.

திறவுச்சொற்கள்: கே. பி. சுந்தராம்பாள், காரைக்கால் அம்மையார், ஏ. பி. நாகராஜன், பக்திப்படம், பேயுரு, நாடகக் குரல், மாங்கனித் திருவிழா

முன்னுரை

ஏ. பி. நாகராஜன் இயக்கத்தில் 1973ஆம் ஆண்டு வெளிவந்த ‘காரைக்கால் அம்மையார்’ படத்தில் ஒரு பாத்திரத்தை இருவர் ஏற்றனர். வணிகர் குலத்து இளம்பெண்ணும் பரமதத்தனின் மனைவியுமான புனிதவதியாக லட்சுமி நடித்தார்; உருமாற்றத்திற்குப் பிந்தைய அம்மையாராகச் சுந்தராம்பாள் நடித்தார். பரமதத்தனாக ஆர். முத்துராமனும், சிவபெருமானாகச் சிவகுமாரும், உமையாக ஸ்ரீவித்யாவும் தோன்றினர். இசை குன்னக்குடி வைத்தியநாதன். அப்போது லட்சுமிக்கு இருபது வயதை ஒட்டிய பருவம். சுந்தராம்பாள் அறுபத்தைந்தை நெருங்கியிருந்தார். ஒரே பெண்ணின் இரு நிலைகளுக்கிடையே ஏறத்தாழ நாற்பத்தைந்து ஆண்டு இடைவெளி திரையில் நுழைந்துவிட்டது.

இவ்விடைவெளி சேக்கிழாரிடம் இல்லை. பெரிய புராணத்தில் புனிதவதி முதுமை எய்துவதில்லை. கணவன் தன் காலில் விழுந்து எழுந்த பின், அவனுக்காகச் சுமந்த தசையழகு இனி வேண்டா என இறைவனிடம் வேண்டுகிறார். அக்கணமே அது உதறப்படுகிறது. எலும்புருவாகிய பேய் வடிவம் எஞ்சுகிறது. காலம் செய்யும் மாற்றம் அங்கே எதுவும் நிகழ்வதில்லை. திரைப்படமோ காலத்தின் துணையை நாடியது: இளமையை அகற்றி முதுமையை அமர்த்தியது. நடிகர் தேர்வு குறித்த நடைமுறை முடிவு என்று இதனை எளிதில் கடந்துவிடலாம். ஆனால் அம்முடிவு எடுக்கப்படும்போது சுந்தராம்பாளின் உருவத்திற்கு முப்பத்தெட்டு ஆண்டுத் திரை வரலாறு இருந்தது. அவ்வரலாறே பேயின் இடத்தில் மூதாட்டியைக் கொண்டுவந்து நிறுத்தியது என்பது இக்கட்டுரையின் கருதுகோள்.

கைம்மை என்னும் விளக்கம்

சுந்தராம்பாளைப் பற்றிய எழுத்துகள் பெரும்பாலும் ஒரே கதையைச் சொல்கின்றன. கொடுமுடியில் வறிய குடும்பத்தில் பிறந்த சிறுமி நாடகக் குழுவில் சேர்கிறாள். இலங்கை மேடையில் எஸ். ஜி. கிட்டப்பாவைச் சந்திக்கிறாள், முன்பே மணமானவரான அவரை 1927இல் மணக்கிறாள், 1933 டிசம்பரில் கிட்டப்பா இளவயதிலேயே மறைகிறார், இருபத்தைந்து வயதில் வெள்ளைப் புடவையும் திருநீறும் பூண்டு, எந்த ஆடவருக்கும் இணையாக நடிப்பதில்லை என்னும் உறுதியை மேற்கொள்கிறார். இக்கதையின் உருக்கம் ஐயத்திற்கு இடமற்றது. அவர் அவ்வுறுதியை இறுதிவரை காத்தார் என்பதும் உண்மை. கடினம் எங்கே எழுகிறதென்றால், அதன் பின்வந்த கலைவாழ்வு முழுவதையும் இத்துயரம் ஒன்றே விளைவித்தது என்று கொள்ளும்போதுதான்.

இணையாக நடிப்பதில்லை என்ற உறுதி, காதல் நாயகி என்னும் ஒரு வகைப் பாத்திரத்தை மட்டுமே விலக்குகிறது. அன்னை, அரசி, தோழி, போராளி, நகைச்சுவைப் பெண், ஆண்வேடம் எனப் பல வழிகள் அதன் பின்னும் திறந்திருக்கின்றன. நாடக மேடை அவற்றுள் பலவற்றைப் பெண்களுக்குத் தந்தும் இருந்தது. ஸ்பெஷல் நாடக மரபில் ஒரு நடிகை ஸ்திரீபார்ட்டாக இருந்து ராஜபார்ட்டாக மாறுவது அருமையான செயலன்று. ஆகவே, 1953க்குப் பின் சுந்தராம்பாளின் பாத்திரங்கள் ஏறத்தாழ ஒரே முகமாகக் குறுகியதற்கு அவருடைய உறுதி போதிய காரணமாகாது. தேர்ந்தெடுத்தவர்கள் இருபுறத்தும் இருந்தனர். ஒருவர் தம் வாழ்வைத் தாமே நெறிப்படுத்திய செயல், பிறர் அவரைப் பயன்படுத்திய முறைக்கும் விளக்கமாகிவிடும்போது தயாரிப்பாளரும் இயக்குநரும் ஆய்வாளரின் பார்வையிலிருந்து தப்பிவிடுகின்றனர்.

நந்தன், மணிமேகலை

முதற்படத்தையே எடுத்துக்கொள்வோம். கிட்டப்பா மறைந்து இரண்டு ஆண்டுகளுக்குள் வெளிவந்தது ‘நந்தனார்’ (1935). இப்படத்திற்கு அவர் பெற்ற ஊதியம் ஒரு லட்சம் ரூபாய் என்பது அக்காலத்தின் பெருஞ்செய்தி. தொகையைப் பேசிய அளவுக்குப் பாத்திரத்தை எவரும் பேசவில்லை. அவர் நடித்தது நந்தனாக: ஆணாக, தீண்டாமைக்கு உட்படுத்தப்பட்ட உழவுத் தொழிலாளியாக. வேதியர் வேடத்தில் வந்தவர் கருநாடக இசை மேதை மகாராஜபுரம் விசுவநாத ஐயர். கோபாலகிருஷ்ண பாரதியின் கதைப்போக்கில் வேதியர் இறுதியில் நந்தனைப் பணிய வேண்டும். அதாவது, 1935ஆம் ஆண்டில் ஒரு பிராமண வித்துவானும் நாடகக்காரியான ஓர் இளம் கைம்பெண்ணும் இவ்வுறவில் எதிரெதிர் நின்றனர். சாதி, பால், இசையரங்கம், நாடகக் கொட்டகை ஆகியவற்றின் எல்லைகள் ஒரே சட்டகத்துள் குலைந்தன. படத்தைக் கல்கி கடுமையாக எள்ளினார் என்பது பலரும் அறிந்தது. கலைநயம் குறைந்த படமாகவே அது இருந்திருக்கலாம். நமக்கு முதன்மையானது வேறு: கைம்மை பூண்டு திரைக்கு வந்த நடிகையின் முதல் வேடம் கைம்மையைச் சற்றும் ஒத்ததாயில்லை. அவ்வேடத்தில் துணிவும் ஆபத்தும் இருந்தன.

அடுத்து ‘மணிமேகலை’ (1940). இங்கு அவர் இளந்துறவி. உதயகுமரனின் வேட்கைக்கு இலக்காகி, அதிலிருந்து விலகி, காயசண்டிகையின் உருவேற்றுச் செல்லும் பெண் மணிமேகலை. முப்பத்திரண்டு வயதில் சுந்தராம்பாள் அப்பாத்திரத்தை ஏற்றார் என்பது, துறவு பூண்ட பெண்ணுடல் இளமையோடும் திரையில் தோன்றலாம் என்று அன்று கருதப்பட்டதற்குச் சான்று. இவ்விரு படங்களிலும் உருமாற்றமே நடிப்பின் அடிப்படை. பெண் ஆணாகிறாள், கணிகை மகள் துறவியாகிறாள். முதுமை இரண்டிலும் இல்லை.

மூதாட்டி வார்ப்பு

அதன் பின் பதின்மூன்று ஆண்டுகள் திரையில் அவர் இல்லை. அவ்விடைக்காலத்தில் தமிழ்த் திரையின் ஒலி அமைப்பே மாறிவிட்டது. பாடி நடிப்போர் காலம் முடிந்து பின்னணிக் குரல் முறை வேரூன்றியது. பி. யு. சின்னப்பா 1951இல் மறைந்தார், எம். கே. தியாகராஜ பாகவதரின் ஆட்சி அதற்கு முன்பே சாய்ந்துவிட்டது. பாடும் உடலும் பார்க்கப்படும் உடலும் வெவ்வேறாகிவிட்ட அந்தச் சூழலில் ஜெமினியின் எஸ். எஸ். வாசன் சுந்தராம்பாளை மீண்டும் அழைத்து வந்தார். கொத்தமங்கலம் சுப்பு இயக்கிய ‘ஔவையார்’ (1953) அவருக்குப் பெரும்புகழ் ஈட்டித் தந்தது. அவருடைய எஞ்சிய இருபது ஆண்டுத் திரைவாழ்வுக்கும் அச்சு வார்த்தது.

அப்படத்தின் அமைப்பை ஊன்றி நோக்க வேண்டும். இளம்பெண்ணான ஔவையாகக் குசலகுமாரி நடித்தார். திருமணம் நெருங்குகிறது, அவள் விநாயகரிடம் முறையிடுகிறாள், இளமை நீங்கி மூதாட்டியாகிறாள், அங்கிருந்து சுந்தராம்பாள் தொடர்கிறார். அழகிய இளநடிகை, அவளைச் சூழும் மணவாழ்வு, வேண்டுதல், உருமாற்றம், முதிய பாடகி என்னும் இந்த வரிசை இருபது ஆண்டுகளுக்குப் பின் புனிதவதி கதையில் அப்படியே திரும்புகிறது. குசலகுமாரி இருந்த இடத்தில் லட்சுமி. விநாயகர் இருந்த இடத்தில் சிவன். சுந்தராம்பாள் இருந்த இடத்தில் சுந்தராம்பாளே.

ஔவையின் கதைக்கு இவ்வமைப்பு இயல்பாகப் பொருந்தும். ஔவை என்னும் சொல்லே முதுமையைத் தாங்கியது. மக்கள் வழக்கில் வழங்கும் கதையும் அவள் கிழவியானதையே சொல்கிறது. அம்மையாரின் கதைக்கு அது பொருந்தாது. பேய் இளமையும் அன்று, முதுமையும் அன்று. பருவ வரிசைக்கே வெளியே நிற்பது. இவ்வேறுபாட்டை நாகராஜன் அறியாதவரல்லர். டி. கே. எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் பயின்று, புராணக் கதைகளை வசனத்தின் நுட்பம் அறிந்து கையாண்டவர் அவர். ‘திருவிளையாடல்’ (1965), ‘கந்தன் கருணை’ (1967) ஆகிய இரு படங்களிலும் சுந்தராம்பாளை ஔவையாகவே மீண்டும் அமர்த்தியவரும் அவரே. (மாங்கனிக்காகச் சினந்து சென்ற முருகனை ‘திருவிளையாடல்’ படத்தில் பாடித் தணிப்பவர், எட்டு ஆண்டுகளுக்குப் பின் இன்னொரு மாங்கனிக் கதைக்கு வந்து சேர்ந்தார் என்பது தற்செயல்தான், ஆயினும் பார்வையாளர் நினைவில் இவ்விரு கனிகளும் தொடர்பற்றுக் கிடந்திரா.) 1973க்குள் ஔவை ஒரு பாத்திரம் என்னும் நிலையைக் கடந்து சுந்தராம்பாளின் நிலையான வேடமாகிவிட்டாள். அவ்வேடத்தின் மேல் வேறெந்தப் பெயரை எழுதினாலும் மக்கள் ஔவையையே கண்டனர்.

சமயம் கடந்த துறவி

இவ்வார்ப்பின் வலிமைக்கு ‘பூம்புகார்’ (1964) தக்க சான்று. மு. கருணாநிதி எழுத, ப. நீலகண்டன் இயக்கிய இப்படத்தில் சுந்தராம்பாள் கவுந்தியடிகளாக வந்தார். சுந்தராம்பாள் காங்கிரஸ் மேடைகளில் பாடி வளர்ந்தவர். அக்கட்சியின் சார்பில் சட்ட மேலவையில் அமர்ந்தவர். ஆழ்ந்த சைவப் பற்றும் முருக பக்தியும் உடையவர். படத்தின் எழுத்தாளரோ திராவிட இயக்கத்தவர். பாத்திரமோ சமணத் துறவி. கட்சி, கொள்கை, சமயம் ஆகிய மூன்று வேறுபாடுகளையும் ஒதுக்கிவிட்டு, மூத்த பெண்துறவி என்றால் சுந்தராம்பாள் என்னும் சமன்பாடு வென்றது. பௌத்த மணிமேகலை, சமணக் கவுந்தி, சைவ அம்மையார் என மூன்று சமயத்துப் பெண்துறவியரையும் ஒரே நடிகை ஏற்றது தமிழ்த் திரையில் பிறருக்கு வாய்க்காத பேறு எனலாம். அப்பேற்றுக்கு ஒரு விலையும் உண்டு. சமயத்திற்குச் சமயம் துறவு வேறுபடுகிறது. கொல்லாமையில் ஊன்றிய கவுந்தியின் துறவும், பசிப்பிணி நீக்கும் மணிமேகலையின் துறவும், சுடுகாட்டில் ஆடும் கடவுளைப் பாடும் அம்மையாரின் துறவும் ஒன்றல்ல. பிற்காலப் படங்களின் வெள்ளைப் புடவையும் திருமேனிப் பொலிவும் இவ்வேறுபாடுகளைக் கரைத்தன.

இங்கே நில அமைப்பு சார்ந்த ஒரு செய்தியையும் குறித்துச் செல்லலாம். மணிமேகலையும் கவுந்தியும் புகாரைச் சார்ந்தவர்கள். புனிதவதி காரைக்காலைச் சார்ந்தவர். அவருடைய கணவன் நாகையின் வணிகர் மகன். புகார், தரங்கம்பாடி, காரைக்கால், நாகை என அடுத்தடுத்து அமைந்த கடற்கரை இது. கடல் வணிகம் செழித்த இக்கரையின் இல்லங்களில் கணவர் கலமேறிச் சென்றனர். பெண்கள் வீட்டில் இருந்தனர். அவ்வீட்டிலிருந்து வெளியேறிய பெண்களே காப்பியத்திலும் புராணத்திலும் நிலைத்தனர். காவிரியின் மேற்கரை ஊரான கொடுமுடியில் பிறந்த நடிகை, அதே ஆறு கடலில் கலக்கும் கரையின் இப்பெண்களை ஒருவர் பின் ஒருவராகத் திரையில் ஏற்றார். படத் தயாரிப்பாளர் எவரும் இதைத் திட்டமிட்டிருக்க மாட்டார்கள். எனினும், செல்வ வணிகர் இல்லத்தின் பொருளியலை விட்டு நீங்கும் பெண்ணே இப்பாத்திரங்களின் பொதுக்கூறு என்பதால், கைம்மை என்னும் திறவுகோலைவிட இது கூடுதலான கதவுகளைத் திறக்கும் என்று தோன்றுகிறது. கவுந்தியும் மணிமேகலையும் கைம்பெண்கள் அல்லர். அம்மையாரின் கணவன் உயிரோடிருந்தான். வேறொருத்தியை மணந்து, பிறந்த மகளுக்குப் புனிதவதி என்றே பெயரிட்டிருந்தான்.

பேயும் மூதாட்டியும்

திருவாலங்காட்டு மூத்த திருப்பதிகங்கள் இரண்டு, திருவிரட்டை மணிமாலை, அற்புதத் திருவந்தாதி ஆகியன அம்மையார் பாடியவை. திருப்பதிகத்தில் பெண்பேயின் உடலை அவர் வருணிக்கும் முறை தமிழ்க் கவிதையில் தனித்து நிற்பது. வற்றிய மார்பும், புடைத்த நரம்பும், குழிந்த கண்ணும், ஒட்டிய வயிறும், நீண்ட கணைக்காலும் அங்கே அருவருப்பின்றியும் இரக்கமின்றியும் பெயரிடப்படுகின்றன. மகளிரைக் கேசாதிபாதமாகப் பாராட்டும் மரபின் உறுப்பு வரிசையைக் கையில் எடுத்து, ஒவ்வோர் உறுப்பையும் அவர் தலைகீழாக்குகிறார். தம்மைக் ‘காரைக்கால் பேய்’ என்றே பதிகத்தில் பெயர் சுட்டிக்கொள்கிறார். அம்மை என்னும் பெயர் இறைவன் அழைத்ததாகச் சேக்கிழார் தருவது. பேய் என்னும் பெயர் அவர் தாமே சூடிக்கொண்டது. பன்னிரண்டாம் நூற்றாண்டுப் புராணம் இவ்விரு பெயர்களையும் இழுவிசை குன்றாமல் காத்தது. காரன் பெச்சிலிஸ், எலைன் கிராடக் போன்றோரின் அண்மைக்கால ஆய்வுகளும் அம்மையாரின் சொந்தக் குரலுக்கும் புராணக் கதைக்கும் இடையிலுள்ள தொலைவை முன்னிறுத்தியுள்ளன.

சிற்பிகள் இத்தொலைவை அஞ்சவில்லை. கங்கைகொண்ட சோழபுரத்தில் ஆடவல்லான் அருகே அம்மையார் எலும்புருவாகவே அமர்ந்திருக்கிறார். நியூயார்க் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்தில் உள்ள சோழர் காலச் செப்புத் திருமேனியில் விலா எலும்பு தெரிய, மார்பு வற்றி, கையில் தாளம் ஏந்தி, முகத்தில் நகை அரும்ப வீற்றிருக்கிறார். அச்சமும் அன்பும் அங்கே ஒரே உலோகத்தில் வார்க்கப்பட்டுள்ளன.

1973ஆம் ஆண்டுப் படத்தில் இது நிகழவில்லை. ஒப்பனை எதைச் செய்தாலும், நிறைந்த உடலும் தாய்மை கனிந்த முகமும் கொண்ட சுந்தராம்பாளில் எலும்புருவை வரைய இயலாது. அதைவிட முதன்மையானது, அவரைக் கண்டு அஞ்சப் பார்வையாளருக்கு இயலாது என்பது. சேக்கிழாரின் கதையில் பேயுருவைக் கண்ட மக்கள் அஞ்சி விலகி ஓடுகின்றனர். அவ்வச்சமே அம்மையாருக்கு விடுதலை. திரையரங்கில் சுந்தராம்பாள் தோன்றியதும் எழுவது வரவேற்பு. இல்லறத்திலிருந்து தப்பிய பெண்ணை மீண்டும் இல்லத்தின் பாட்டியாக்கி வைக்கிறது அவ்வரவேற்பு. பேயுரு வேண்டிய பெண்ணின் வேண்டுகோளுக்குப் படம் முதுமையை ஈடாகத் தந்து கணக்கை முடித்தது என்று சொன்னால் மிகையாகாது.

நாகராஜனுக்கு வேறு வழி இருந்ததா? ஒரே நடிகையை இரு நிலைகளிலும் நடிக்க வைத்திருக்கலாம். லட்சுமியின் அழகிய முகமே குலைந்து பேயாவதைப் பார்வையாளர் கண்டிருந்தால் சேக்கிழாரின் கணம் திரையில் கிடைத்திருக்கும். ஆனால் அத்தகைய காட்சியை அன்றைய குடும்பப் பக்திப்படம் தாங்கியிருக்குமா என்பது ஐயத்திற்குரியது. இரு நடிகையர் என்னும் ஏற்பாடு அழகை அழிக்காமல் அப்புறப்படுத்துகிறது. லட்சுமியின் முகம் குலையாது காக்கப்படுகிறது. சுந்தராம்பாளுக்கோ இழப்பதற்கு இளமை இல்லை. எனவே துறத்தல் என்னும் செயலே திரையில் நிகழாமற்போகிறது. எதையும் உதறாத ஒருவர் வந்து, உதறிவிட்டதாகக் கருதப்படும் இடத்தில் நிற்கிறார்.

ஊரின் புனிதவதி

இக்குறையைத் திரைத்துறையின் மேல் மட்டும் சுமத்துவது முறையன்று. அம்மையார் பிறந்த ஊரும் அவரைப் பேயாகக் கொண்டாடுவதில்லை. ஆனித் திங்களில் காரைக்காலில் நிகழும் மாங்கனித் திருவிழாவின் நிகழ்ச்சி வரிசை மாப்பிள்ளை அழைப்பு, திருக்கல்யாணம், பிச்சாடனர் வீதியுலா, மாங்கனி இறைத்தல், அமுது படையல் என இல்வாழ்வின் நிகழ்வுகளாலேயே பெரிதும் ஆனது. ஊர்மக்கள் மணப்பெண் புனிதவதியை மனமுருகப் போற்றுகின்றனர். பிச்சாடனர் வலம் வரும்போது மாடிகளிலிருந்தும் திண்ணைகளிலிருந்தும் எறியப்படும் மாம்பழத்தை மகப்பேறு வேண்டுவோர் மடியேந்திப் பிடிக்கின்றனர். குடும்பத்தைத் துறந்த பெண்ணின் பெயரால் குடும்பம் பெருக வேண்டப்படுகிறது. ஓர் ஊர் தன் மகளைத் திருவாலங்காட்டுக்கு அனுப்பிவிட்டு, அவள் போவதற்கு முந்தைய நாட்களையே ஆண்டுதோறும் மீட்டெடுத்து வாழ்கிறது என்று இதனைப் புரிந்துகொள்ளலாம்.

ஆயினும் விழாவுக்கும் படத்திற்கும் ஒரு வேறுபாடு உண்டு. விழா பேயுருவுக்குப் பதிலாக வேறொன்றை முன்வைப்பதில்லை. தான் கொண்டாட விரும்பும் பகுதியில் மனம் தோய்ந்து நிற்கிறது. பேயின் இடம் திருவாலங்காட்டில் வெறுமையாக்கப்படாமல் காத்திருக்கிறது. படமோ அவ்விடத்திற்கு வேறொருவரை அமர்த்திவிட்டது. 1943இலும் இதே பெயரில் ஒரு படம் வந்ததுண்டு. எனினும் இன்று பொதுமக்கள் நினைவில் அம்மையாரின் முகம் என்பது 1973இன் முகமே. சிற்பத்தின் எலும்புருவைக் காணும் மாணவர்கள் ‘இவர் அவரா?’ என வியப்பதைத் தமிழ் வகுப்பறைகளில் பாடம் நடத்தும் எவரும் அறிவர்.

தாளம் ஏந்திய கை

உடலின் கதை இத்துடன் முடிகிறது. குரலின் கதை வேறு. சுந்தராம்பாளின் குரல் ஒலிபெருக்கிக்கு முந்தைய கொட்டகையில் உருவானது. கடைசி வரிசையில் மணலில் அமர்ந்திருப்பவனுக்கும் சொல் தெளிவாகக் கேட்க வேண்டும் என்னும் தொழில் தேவையே அதன் உயர்ந்த சுருதியையும், எழுத்தெழுத்தாக உடைத்து உச்சரிக்கும் முறையையும் வளர்த்தது. ஒலிவாங்கியின் அருகில் மென்மையாகப் பாடும் பின்னணிப் பாடகியர் குரலே பெண்மையின் அளவுகோலாகிவிட்ட 1960களிலும் 1970களிலும், இக்குரல் நிறைந்து நின்ற விதம் வேறுவகை. அதில் கொஞ்சல் இல்லை, கெஞ்சலும் இல்லை. தெய்வத்தை நோக்கிய வேண்டுகோளும் அதில் ஆணையாகவே ஒலிக்கும். ‘ஔவையார்’ படத்தில் அவர் பாட்டுக்கு யானைகள் திரண்டு வந்து கோட்டையைத் தகர்ப்பதைப் பார்வையாளர் நம்பினர் என்றால், அந்நம்பிக்கையைத் தந்தது தந்திரக் காட்சி அன்று.

‘துணைவன்’ (1969) படத்திற்காக அவருக்குச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது கிடைத்தது. விருதின் பெயரில் ஒரு முரண் இருக்கிறது. அவர் பின்னணியில் நின்று பாடியவர் அல்லர். தம் உருவத்திற்குத் தாமே பாடியவர். பாடி நடிக்கும் கலைஞருக்கான சொல்லே விருதுப் பட்டியலிலிருந்து மறைந்துவிட்ட காலத்தில், அரசின் அங்கீகாரம் அவரை இருக்கும் பெட்டிகளுள் ஒன்றில் வைத்தது. 1970இல் பத்மஸ்ரீ விருதும் வந்தது.

இக்குரலின் வழியாகவே ‘காரைக்கால் அம்மையார்’ படம் தன் ஒப்பனையை மீறுகிறது. சிவகுமாரும் ஸ்ரீவித்யாவும் ஆட, சுந்தராம்பாள் பாடும் நடனப் பாடலை இங்கே கருதுகிறேன். வழக்கமான பக்திப்படப் பாடலில் பாடுபவர் பார்ப்பவராகவும் இறைவன் பார்க்கப்படுபவராகவும் இருப்பர். பாடல் வருணனையாக அமையும். இப்பாடலில் சொற்கட்டுப் போன்று அடுக்கி வரும் அசைகள் ஆட்டத்திற்குக் காலப்பிரமாணத்தை வகுக்கின்றன. அவர் விரைவைக் கூட்டும்போது ஆட்டம் விரைகிறது; நிறுத்துமிடத்தில் பாதம் நிற்கிறது. ஆடுபவர்கள் இருவரும் இளமை மிக்கவர்கள், அழகர்கள்; சட்டகம் அவர்களுக்கே உரியது. எனினும் ஆட்டுவிப்பவர் மூதாட்டி. சோழச் சிற்பி அம்மையாரின் கையில் தாளத்தை வைத்ததன் பொருள் இதுதானே? திருவடிக்கீழ் இருக்க வேண்டும் என்று கேட்டவர், அவ்விடத்திலிருந்து ஆடலின் கணக்கைத் தம் கையில் வைத்திருக்கிறார்.

அம்மையாரின் பதிகங்களும் இதற்கு அரண் செய்கின்றன. அவற்றுள் ஒன்று நட்டபாடைப் பண்ணிலும் மற்றொன்று இந்தளப் பண்ணிலும் அமைந்தவை. சுடுகாட்டு வருணனைக்கு நடுவே பண்ணிசையின் சுரப் பெயர்களையும் தக்கை, தாளம், வீணை, மொந்தை முதலான கருவிகளையும் அவர் அடுக்கிச் செல்கிறார். பிணமும் நெருப்பும் சூழ்ந்த இடத்தில் இசையிலக்கணம் பேசும் பேய் அது. கவிஞரின் பேய்மையும் இசைப்புலமையும் பிரிக்க இயலாதவை என்பதைத் திரைக்கதை உணர்ந்ததாகத் தெரியவில்லை. ஆனால் கொட்டகையில் வளர்ந்த ஒரு தொண்டை அதனை உணர்ந்தது போல் பாடியிருக்கிறது.

இப்பாடலைப் படத்தோடு காண்பதும், உருவமின்றி ஒலியை மட்டும் கேட்பதும் வேறுபட்ட அனுபவங்கள். உருவத்தோடு காணும்போது கனிந்த பாட்டியொருவர் கடவுளை வாழ்த்துகிறார். ஒலியை மட்டும் கேட்கும்போது அவ்வயதும் அக்கனிவும் மறைகின்றன. மேல் சுருதியில் குரல் ஏறுமிடங்களில் ஆண்குரலா பெண்குரலா என்னும் வேறுபாடும் தளர்கிறது. நந்தனாக வந்த குரல் அங்கே மீண்டும் கேட்கிறது. 1935இல் வேடத்தால் நிகழ்ந்த எல்லை மீறல், 1973இல் வேடம் முழுவதும் பறிக்கப்பட்ட பின்னும் ஒலியில் நிகழ்கிறது. சுந்தராம்பாளின் கலைவாழ்வை எழுதுவோர் அவருடைய வெள்ளைப் புடவையிலிருந்து தொடங்காமல் இசைத்தட்டுகளிலிருந்து தொடங்கினால், அவருடைய மேடைப் பாத்திரங்களுக்கும் திரைப் பாத்திரங்களுக்கும் இடையே இதுவரை பேசப்படாத தொடர்ச்சி புலப்படும். ராஜபார்ட் வேடங்களுக்கு அவர் பாடிய முறையையும் 1973இன் இப்பாடலையும் அருகருகே வைத்துச் சுருதி, உச்சரிப்பு, மூச்சு நிறுத்தம் ஆகியவற்றை ஒப்பிடுவது அதன் முதற்படியாக அமையும்.